வேலி இல்லாத வீடு

2002ஆம் ஆண்டில், யுத்தத்தால் மூடப்பட்டிருந்த ஏ9 பாதை திறக்கப்பட்டு, வட இலங்கையில் வன்னியின் உட்பகுதியிலிருந்து வவுனியா நகருக்குப் போய்வருவது சாதாரண ஜனங்களுக்கு மறுபடியும் சாத்தியமான காலத்தில், கண் சத்திரசிகிச்சைக்காக என் அம்மம்மாவை அங்கே அழைத்துச் சென்று, உறவினர் வீடொன்றில் பத்து நாட்கள் தங்கியிருந்தேன். சிகிச்சை முடிந்து, ஒரு கண்ணில் கட்டுடனும் மறு கண்ணில் மங்கலான பார்வையுடனும் அவர் சாய்மனைக் கதிரையில் அமர்ந்திருந்த ஒரு மாலையில், எங்கள் பிரதேசத்தைக் கதைக்களமாகக் கொண்ட திரைப்படம் ஒன்று அவ்வீட்டுத் தொலைக்காட்சியில் ஓடிக்கொண்டிருந்தது. நெடுநேரம் பேசாமல் பார்த்திருந்தவர் மெல்லக் கேட்டார்: “உது எந்த ஊர் பிள்ளை?”

“வன்னி எண்டுதான் காட்டுறாங்கள், அம்மம்மா.”

“வன்னியோ? வேலியைக் காணேல்லை. வேலியில்லாத வளவுக்கை ஆர் குடியிருக்கிறது?”

பாத்திரங்களின் பேச்சில் பிழை கண்டு சிரித்த இளையவர்கள் அந்த அறையில் இருந்தார்கள். கதையின் அரசியலைப் பற்றி வாதிட்டவர்களும் இருந்தார்கள். ஆனால் வேலி இல்லை என்பதைக் கண்டவர் பாதிப் பார்வையோடு அமர்ந்திருந்த அந்தக் கிழவி ஒருவர்தாம். கிளுவையும் பூவரசும் முள்முருக்கும் கதியாலாக நட்டு, கிடுகாலோ பனையோலையாலோ அடைத்து, மாடு புகும் புறங்களில் அலம்பலை நெருக்கி, முன்னே ஒரு படலையும், அயலவள் தணல் வாங்க வந்துபோகப் பக்கத்தில் ஒரு பொட்டும் விட்டு, ஆயுள் முழுவதும் வருடந்தோறும் வேலியடைப்பைப் பார்த்து வாழ்ந்தவருக்கு, வேலியில்லாத வளவு என்பது வாசற்கதவு இல்லாத வீட்டைவிட விபரீதமான காட்சியாகத் தோன்றியதில் ஆச்சரியம் இல்லை. அவருடைய கேள்விக்கு விடை சொல்லக் கடமைப்பட்டவர் திரைப்படத்தில் யார் என்பது அன்று எனக்குத் தெரியாது. பிற்பாடு அறிந்துகொண்டேன்: கலை இயக்குநர் என்று நெடுங்காலமாகவும், தயாரிப்பு வடிவமைப்பாளர் என்று அண்மைக்காலத்திலும் அழைக்கப்படுகிறவரே அவர். அந்தத் தொழிலைப் பற்றியும், அதற்கு வன்னியிலிருந்து பிள்ளைகள் புறப்பட்டாக வேண்டிய அவசியத்தைப் பற்றியும் என் அபிப்பிராயத்தை இங்கே எழுதுகிறேன்.

தயாரிப்பு வடிவமைப்பு என்ற பெயர் தோன்றியது 1939ஆம் ஆண்டில். ‘கோன் வித் த விண்ட்’ என்ற அமெரிக்கப் படத்தின் காட்சிகள் ஒவ்வொன்றையும் முன்கூட்டியே சித்திரமாக வரைந்து, அதன் வர்ணங்களையும் கட்டடங்களையும் ஒரே மனத்தின் சிருஷ்டியாக ஆக்கிக்கொடுத்த வில்லியம் கமரன் மென்சீசுக்கு, அதுவரை வழங்கிய கலை இயக்குநர் என்ற பட்டம் போதாது என்று கருதிய தயாரிப்பாளர் செல்சினிக், இந்தப் புதுப் பெயரைக் கொடுத்தார். அட்லான்டா நகரம் எரியும் காட்சிக்காக, ‘கிங் கொங்’ முதலிய பழைய படங்களுக்குக் கட்டி மிஞ்சிக் கிடந்த அமைப்புகளையே தீயிட்டுக் கொளுத்தினார்கள் என்பது அத்தொழிலின் சரித்திரத்தில் பிரசித்தமான செய்தி. பெயர் அங்கே பிறந்தாலும் வேலை நமக்குப் புதிதன்று. ஜெமினியின் ‘சந்திரலேகா’ 1948இல் வெளிவந்தபோது, மாபெரும் முரசுகளின்மேல் நடனப் பெண்களை நிறுத்திப் பார்ப்போரைப் பிரமிக்கவைத்த அந்தக் காட்சிக்குப் பின்னால் ஏ. கே. சேகர் என்ற கலை இயக்குநரின் கை இருந்தது.

கதையைப் படிக்கும்போது மற்றவர்கள் மனிதர்களைக் காண்கிறார்கள். கலை இயக்குநரோ அம்மனிதர்கள் தொட்டுப் புழங்கும் பொருள்களையும் சேர்த்துக் காண்கிறார். குடும்பம் எத்தனை வருடமாக அந்த வீட்டில் இருக்கிறது, அடுப்பு எந்தப் பக்கம், சுவரில் புகை எவ்வளவு உயரம் படிந்திருக்கும், கிணற்றடிக் கல் எந்த இடத்தில் தேய்ந்திருக்கும் என்பவற்றையெல்லாம் தீர்மானித்து, இடங்களைத் தேடி அலைந்து, படம் வரைந்து, சிறிய மாதிரி உரு செய்து இயக்குநருக்கும் ஒளிப்பதிவாளருக்கும் காட்டி, செலவுக்கணக்குப் போட்டு, தச்சரையும் மேசன்மாரையும் பெயின்டர்மாரையும் கூட்டி, நேற்றுக் கட்டிய சுவரை நாற்பது வருடத்துச் சுவராக மாற்றி, படப்பிடிப்பு முடிந்ததும் எல்லாவற்றையும் இடித்துவிட்டுப் போகிறவர் அவர். அவருடைய வெற்றி கண்ணுக்குத் தெரியாதது. தவறு மாத்திரம் ஒரு கிழவியின் கண்ணுக்குக்கூடத் தப்பாது.

இந்தத் தொழில் எவ்வளவு உயரத்தை எட்டக்கூடியது என்பதற்குத் தோட்டா தரணியின் வாழ்க்கையைக் காட்டிலும் நல்ல உதாரணம் தமிழ்த் திரையுலகில் கிடைப்பது அரிது. தந்தையார் தோட்டா வெங்கடேசுவர ராவும் கலை இயக்குநரே. ஆகவே மரத்தூளும் வர்ணமும் மணக்கும் ஸ்டூடியோத் தளங்கள் அவருக்குப் பாலியத்திலேயே பரிச்சயமாயின. ஓவியராகத் தனித்த கீர்த்தி பெற்றவர். ஆயினும் பொதுஜனங்கள் அவரை அறிந்தது 1987இல் வெளிவந்த மணிரத்தினத்தின் ‘நாயகன்’ மூலமாக. பம்பாய் தாராவியில் நிகழும் கதை அது. தரணி தாராவிக்குச் சென்று பார்த்து, புகைப்படங்கள் எடுத்துத் திரும்பி, சென்னை வீனஸ் ஸ்டூடியோவில் அந்தச் சேரியையே எழுப்பினார். தகரமும் கோணியும் பழம்பலகையும் கொண்டு எழுந்த அந்தச் சந்துகளில் நின்று பார்த்தால், கதாநாயகன் ஏன் அங்கிருந்து வெளியேறாமல் தங்கிவிட்டான் என்பதை வசனமில்லாமலே உணர முடிகிறது. ஏனெனில் நெருக்கமான அந்த வீடுகளுக்கு இடையில் ஒருவன் குரல் கொடுத்தால் நூறு கதவுகள் திறக்கும் என்பதைக் கட்டடமே சொல்லிவிடுகிறது. அப்படத்துக்கும், பின்னர் 1996இல் வந்த ‘இந்தியன்’ படத்துக்குமாக இருமுறை தேசிய விருது பெற்றார். 2001இல் பத்மஸ்ரீ வந்தது. ‘நாயகன்’ வெளியாகி முப்பத்தைந்து வருடம் கழித்து, அதே மணிரத்தினத்துக்காகப் ‘பொன்னியின் செல்வ’னில் சோழர் மாளிகைகளை வகுத்தவரும் அவரே. ஒரு தொழிலில் ஒரு மனிதர் நெடுங்காலம் ஊன்றி நிற்க முடியும் என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம்.

எனினும், வன்னியில் இருந்து எழுதுகிற என் மனம் அதிகமாகச் சாய்வது பி. கிருஷ்ணமூர்த்தியின் பக்கம். பூம்புகாரில் பிறந்தவர், சென்னை ஓவியக் கல்லூரியில் பயின்றவர், ஜி. வி. ஐயரின் கன்னட, சமஸ்கிருதப் படங்களில் தொடங்கி, ‘மத்வாச்சாரியா’வுக்கும் மலையாளத்து ‘ஒரு வடக்கன் வீரகதா’வுக்கும் 2000ஆம் ஆண்டின் ‘பாரதி’க்கும் தேசிய விருதுகள் பெற்று, 2020 டிசம்பரில் காலமானவர். கலை அமைப்பை மாத்திரமன்றி உடைகளையும் வகுத்தவர். பெரும் பொருட்செலவில் மாளிகை எழுப்பி வியக்கவைப்பதைக் காட்டிலும், ஒரு வெறுஞ்சுவரும் ஒரு பித்தளைச் செம்பும் ஓர் ஈரத்துணியும் கொண்டு ஒரு நூற்றாண்டை முன்னே நிறுத்துவது கடினமான வித்தை. அந்த வித்தையே வசதி குறைந்த நம்மைப்போன்ற பிரதேசத்துக்குப் பொருந்தியது என்பது என் துணிபு.

இனி, வன்னிக்கு வருவோம். மணிரத்தினத்தின் ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ 2002இல் வெளிவந்து, மாங்குளம் என்ற எங்கள் ஊரின் பெயரைத் தமிழகத்தின் மூலைமுடுக்குகளிலெல்லாம் உச்சரிக்கவைத்தது. அதன் கலை இயக்குநர் சாபு சிரில். ‘காலாபானி’க்காக அந்தமான் சிறையையும் பின்னாளில் ‘எந்திர’னின் உலகையும் படைத்து, நான்கு முறை தேசிய விருது பெற்ற மேதாவி. ஆனால் அன்றிருந்த நிலைமையில் எங்கள் மாங்குளம் இந்தியாவிலேயே உருவாக வேண்டியிருந்தது. 2015இல் கான் திரைப்பட விழாவின் உச்ச விருதான தங்கப் பனையைப் பெற்ற ‘தீபன்’ என்ற பிரெஞ்சுப் படத்தை எடுத்துக்கொள்வோம். யுத்தத்தின் இறுதிநாட்களில் தொடங்குகிற அப்படத்தின் ஆரம்பக் காட்சிகளுக்கு இராமேசுவரத்துக் கரையோரமே எங்கள் நிலமாக நின்றது. மீதிக் கதை நிகழும் பாரிசுப் புறநகரக் குடியிருப்பை வடிவமைத்தவர் மிசெல் பார்த்தெலெமி என்ற பிரெஞ்சுக்காரர். இவர்களுடைய ஆற்றலிலோ நல்லெண்ணத்திலோ எனக்குச் சந்தேகம் இல்லை. வரமுடியாத ஊரை, பாராத ஊரை, கேள்வி ஞானத்தால் எவ்வளவு கட்டலாமோ அவ்வளவு கட்டினார்கள். அவர்கள் கேட்டபோது பதில் சொல்வதற்கு, அந்தத் தொழிலின் பாஷை தெரிந்த ஒருவர்கூட எங்கள் பக்கத்தில் இல்லாமற்போனதே என் துக்கம்.

இதிலே விந்தையான ஒரு முரண் உண்டு. இந்தத் தீவு பிறருடைய நிலங்களாக வேடம் பூணுவதில் நெடுங்கால அனுபவம் உடையது. 1957இல் வெளிவந்த ‘த பிரிட்ஜ் ஒன் த ரிவர் க்வாய்’ படத்துக்காக, டொனால்ட் அஷ்டன் என்ற கலை இயக்குநரின் கீழ், கித்துல்கலையில் களனி கங்கையின்மேல், யானைகளையும் நூற்றுக்கணக்கான இலங்கைத் தொழிலாளரையும் கொண்டு மரப்பாலம் ஒன்று எழுந்தது. சயாம் நாட்டுப் பாலமாக உலகம் அதை நம்பியது. பிறகு அது ஓடும் புகையிரதத்தோடு வெடித்துச் சிதறியது. தீபா மேத்தாவின் ‘வோட்டர்’ படத்துக்காகக் காசியில் போட்ட அமைப்புகள் 2000ஆம் ஆண்டில் எதிர்ப்பாளரால் நாசமாக்கப்பட்டபோது, சில வருடங்கள் கழித்துக் காசியின் படித்துறைகள் இலங்கையிலேதான் எழுந்தன. சயாமையும் காசியையும் கட்டத்தெரிந்த கைகள் இந்நாட்டில் இருக்க, வன்னி மாத்திரம் கடலுக்கு அப்பால் கட்டப்பட்டது. சமாதான காலத்தில் ஜோன் மகேந்திரனின் ‘ஆணிவேர்’ இந்த மண்ணிலேயே படமாகி 2006இல் வந்தது. அண்மையில், 2023இல், விசாகேச சந்திரசேகரத்தின் ‘மணல்’ என்ற தமிழ்ப் படம் ரொட்டர்டாம் விழாவில் நடுவர் குழுவின் விசேஷ விருதைப் பெற்றது. ஆகவே காலம் மாறிக்கொண்டிருக்கிறது. படங்கள் இனி இங்கேயே வரும். வரும்போது நாம் என்ன வைத்திருக்கிறோம் என்பதே கேள்வி.

வன்னியைக் கட்டுவது எளிய காரியம் என்று எண்ணுவோர், முதலில் மண்ணைக் கவனிக்க வேண்டும். வவுனியாவில் அது செம்பழுப்பு. உருத்திரபுரத்து வயல்களில் கரிய களி. முல்லைத்தீவுக் கரையில் நண்பகலில் காலைச் சுட்டுப்பொசுக்கும் வெண்மணல். மழைக்குமுன் கிரவல் பாதையில் ஒரு லாண்ட்மாஸ்டர் உழவு இயந்திரம் போனால், வேலியோரத்து இலைகளெல்லாம் செந்தூள் பூசிக்கொள்ளும். மாரியின் முதல் மழையில் ஒரே இரவில் அவை பச்சையாகும். இதை அறியாத வடிவமைப்பாளர் ஐப்பசிக் காட்சிக்கு ஆடி மாதத்து வேலியைக் கட்டிவிடுவார். வீடுகளும் ஒரே குலத்தவை அல்ல. பழைய வன்னிக் கிராமத்து மண்வீடும் நெல் சேமிக்கும் அதன் கொம்பறையும் ஒரு வகை. இரணைமடுக் குளத்து நீரை நம்பி யாழ்ப்பாணத்திலிருந்து வந்து குடியேறியவர்களின் ஓட்டுவீடும் தலைவாசலும் வேறொரு வகை. இனக்கலவரங்களுக்குத் தப்பி மலையகத்திலிருந்து வந்து காடு வெட்டிக் குடியமர்ந்தவர்களின் கொட்டிலும், அதன் முன் அவர்கள் தங்கள் பழைய நினைவில் நட்டுவைத்த பூஞ்செடிகளும் மூன்றாவது வகை. சமையலறையை ஒருவர் அடுப்படி என்பார், மற்றவர் குசினி என்பார்; அடுப்பின் உயரமும் ஊதுகுழலின் நீளமும் வேறாக இருக்கும். கரையோர வாடியில் மீன்பிடி வலை தொங்கும் முறையும், வயற்பரணில் காவற்காரன் விளக்கைத் தொங்கவிடும் கொம்பும் தனித்தனிச் சாஸ்திரங்கள்.

பிரதேசத்தைப் போலவே காலமும் இங்கே மிகுந்த கவனத்துக்கு உரியது. கிளிநொச்சி என்று ஒரே நகரம் இல்லை: 1995இல், யாழ்ப்பாணத்திலிருந்து இடம்பெயர்ந்து வந்தோரால் நிரம்பிய கிளிநொச்சி ஒன்று, 1996 முதல் 1998 வரையிலான சமர்களின்பின் சுவர் ஒன்றுகூட முழுதாக நில்லாத கிளிநொச்சி ஒன்று, சமாதான காலத்தில் வர்ணப்பலகைகளோடு எழுந்த கிளிநொச்சி வேறு, 2009 ஜனவரிக்குப்பின் மனிதரே இல்லாமல், நீர்த்தாங்கி முறிந்து வீதியோரத்தில் சாய்ந்து கிடந்த கிளிநொச்சி வேறு, 2013 செப்டெம்பரில் புகையிரதம் திரும்பி வந்த கிளிநொச்சி வேறு. ஐந்து வருடம் தவறினால் நகரமே தவறிவிடும்.

பொருளாதாரத் தடைக்காலத்தைத் திரையில் காட்ட விரும்புகிறவர் ஒரு சிமினி விளக்கை மேசையில் வைத்துவிட்டுத் திருப்திப்படலாம். ஆனால் அந்நாளில் மண்ணெண்ணெய் ஒரு சொட்டும் பொன்னாக இருந்தது. வெற்று ஜாம் போத்தலுக்குள் திரியை நிறுத்திச் சிறிய சுடராக எரித்த விளக்கின் வெளிச்சத்தில் ஒரு தலைமுறைப் பிள்ளைகள் க.பொ.த. பரீட்சைக்குப் படித்தார்கள். அந்த வெளிச்சம் முகத்தின் கீழ்ப்பாதியை மாத்திரம் காட்டும், சுவரை எட்டாது, ஆகவே அக்காலத்து இரவைப் படமாக்கும்போது சுவர் இருளிலேயே இருக்கவேண்டும். மின்கலம் கிடைக்காமையால், சைக்கிளைக் கவிழ்த்துவைத்து, ஒருவர் மிதியைச் சுழற்ற, டைனமோவின் மின்சாரத்தில் மற்றவர்கள் வானொலிச் செய்தி கேட்டார்கள். செய்தி முக்கியமான கட்டத்தை அடையும்போது சுழற்றுகிறவரும் கேட்பதற்காகக் கையைத் தளர்த்துவார். குரல் உடனே மங்கிவிடும். எல்லோரும் அவரை ஏசுவார்கள். சவர்க்காரத்துக்குப் பதிலாகப் பனங்காயின் களியால் துணி தோய்த்த வீடுகளில் வெள்ளைச் சட்டை எந்த நிறத்தில் இருந்தது என்பதை எந்தப் புத்தகத்திலும் நான் கண்டதில்லை. என் அக்காவிடம் கேட்டால் சொல்வார்.

கேட்டால் சொல்வார் என்பதில்தான் என் கவலை முழுவதும் அடங்கியிருக்கிறது. தரணி தாராவிக்குப் போனார். தாராவி அங்கே இருந்தது. 1995ஆம் ஆண்டு வன்னிக்கோ, 2008ஆம் ஆண்டு வன்னிக்கோ இனி எவரும் போக இயலாது. ஏனைய நாடுகளில் இத்தகைய நிலைமையில் வடிவமைப்பாளர் குடும்ப அல்பங்களைத் தேடுவார். இங்கே அல்பங்கள் இடப்பெயர்வின் பாதையில் கைவிடப்பட்டன, எரிந்தன, நனைந்து ஒட்டிப்போயின. ஓட்டைக் கழற்றி, கூரைத் தகட்டைக் கழற்றி, நிலையையும் கதவையும்கூடக் கழற்றி உழவு இயந்திரப் பெட்டியில் ஏற்றிக்கொண்டு மேற்கிலிருந்து கிழக்காக நகர்ந்த குடும்பங்கள், ஒவ்வொரு தரிப்பிலும் வீட்டின் ஓர் அங்கத்தை இழந்து, கடைசியில் ஒரு தறப்பாளோடும் ஒரு பானையோடும் கடற்கரையை அடைந்தன. அப்பால், இடம்பெயர்ந்தோருக்கான மெனிக் பாம் முகாம். ஐக்கிய நாடுகளின் எழுத்துப் பொறித்த வெண்கூடாரங்கள். மீள்குடியேற்றத்தின்பின் வந்த இந்திய அரசின் 50,000 வீட்டுத் திட்டமும் ஏனைய திட்டங்களும் ஜனங்களுக்குக் கல்வீட்டை அளித்தன. 550 சதுர அடியில் சீமெந்துச் சுவரும் ஓடும் உடைய வீடு, மழையில் நனைந்து கிடந்தவர்களுக்கு எவ்வளவு பெரிய ஆறுதல் என்பதை நான் அறிவேன். அதைக் குறைசொல்ல எனக்கு நாவெழாது. அதே வேளையில், எஞ்சியிருந்த மண்வீடுகளும் அவற்றின் அளவுகளும் இந்தப் பத்துப் பதினைந்து வருடங்களில் மறைந்துபோயின என்பதும் உண்மை. வேலிகள்கூட மாறிவிட்டன, முட்கம்பியும் தகரமும் மதிலும் வந்துவிட்டன.

ஆகவே, இந்த மண்ணின் பண்டங்களைப் பற்றிய சாஸ்திரம் இப்போது அறுபது வயதுக்கு மேற்பட்டவர்களின் ஞாபகத்தில் மாத்திரம் குடியிருக்கிறது. அதை எடுத்துக் காகிதத்திலும் கோட்டுருவத்திலும் ஏற்றுகிற வேலையைச் செய்யக்கூடியவர், சரித்திர ஆசிரியரைக் காட்டிலும், திரைக்காகப் பொருளைப் பார்க்கப் பழகியவரே என்று நான் கருதுகிறேன். சரித்திர ஆசிரியருக்கு யுத்தம் எந்தத் தேதியில் முடிந்தது என்பது போதும். வடிவமைப்பாளருக்கோ அன்று காலையில் அடுப்பு எதனால் மூட்டப்பட்டது என்பது வேண்டும்.

கலை மரபு நம்மிடம் இல்லை என்று எவரும் சொல்ல வேண்டாம். முள்ளியவளையிலும் அயலிலும் கோவலன் கூத்து ஆடப்பட்ட வட்டக்களரிகளில், முடியையும் கரப்புடுப்பையும் செய்தவர்கள், விளக்கின் வெளிச்சத்தில் எது மின்னும், எது மங்கும் என்பதைக் கற்றறிந்தே செய்தார்கள். முள்ளியவளை முல்லைமணி பண்டாரவன்னியனை நாடகமாக்கினார். 1803இல் முல்லைத்தீவுக் கோட்டையைத் தாக்கிக் கைப்பற்றி, அதே வருடம் கற்சிலைமடுவில் ஆங்கிலேயரால் முறியடிக்கப்பட்ட அந்த வன்னியரசனின் கதையை எத்தனையோ பாடசாலை மேடைகளில் நானும் பார்த்திருக்கிறேன். ஒவ்வொரு முறையும் பின்திரையில் ஒரு தஞ்சாவூர் அரண்மனை வரையப்பட்டிருக்கும். பளிங்குத் தூண்களும் சிவப்புக் கம்பளமும் இருக்கும். பாலையும் முதிரையும் வீரையும் செறிந்த காட்டின் நடுவே, குளக்கட்டின் அருகில், யானை பிடிப்போரும் கமக்காரரும் வந்து வணங்கிய ஒரு வன்னியனின் வாசஸ்தலம் எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பார்க்க எங்களுக்கு எவரும் கற்றுத்தரவில்லை. ஆசிரியனாக இருந்த காலத்தில் நானும் கற்றுக்கொடுக்கவில்லை. அந்தக் குறையை இப்போது எழுதித் தீர்க்கப் பார்க்கிறேன்.

இந்தத் தொழிலால் இங்கே யாருக்குச் சோறு கிடைக்கும் என்று பெற்றோர் கேட்பார்கள். நியாயமான கேள்வி. இலங்கைத் தமிழ்ச் சினிமா ஒருகாலமும் செழித்த வியாபாரமாக இருந்ததில்லை. ‘குத்துவிளக்கு’ என்ற நல்ல படத்தை 1972இல் தயாரித்த வீ. எஸ். துரைராஜா தொழிலால் கட்டடக் கலைஞர். அவரைப் போன்றோர் ஆர்வத்தால் கொடுத்தார்களே தவிர, ஆதாயத்துக்காக வந்தவர்கள் அல்லர். ஆயினும் வடிவமைப்பாளரின் கல்வி சினிமாவோடு முடிவதன்று. அளந்து வரையவும், மாதிரி உரு செய்யவும், மரம், மண், துணி, வர்ணம் ஆகியவற்றைக் கையாளவும், பத்துத் தொழிலாளரைக் கணக்கோடு நடத்தவும் பழகிய ஒரு பிள்ளைக்கு, விளம்பரப் படத்திலும் நாடக மேடையிலும் கண்காட்சியிலும் அருங்காட்சியகத்திலும் இடம் உண்டு. வீட்டுத்திட்டங்களின் காலத்தில் மேசன் வேலையும் தச்சு வேலையும் பழகிய இளைஞர் நம் கிராமங்களில் ஏராளம். திட்டங்கள் முடிந்தபின் அவர்களில் பலர் வேலை தேடிக் கொழும்புக்கும் கடல் கடந்தும் போகிறார்கள். ஒரு படக்குழு ஒரு கிராமத்தில் இரண்டு மாதம் தங்கினால், முதலில் கேட்பது இவர்களுடைய கைகளைத்தான்.

என்ன செய்யலாம்? பாடசாலைகளில் சித்திரமும், நாடகமும் அரங்கியலும் பாடங்களாக இருக்கின்றன. அவற்றைக் கற்கும் உயர்தர மாணவர், தத்தம் கிராமத்தில் எஞ்சியுள்ள பழைய வீடு ஒன்றை நாடாவால் அளந்து கோட்டுப்படமாக வரைவதைச் செய்முறைப் பயிற்சியாக ஆக்கலாம். இதற்கு நாடாவும் கொப்பியும் பென்சிலும் போதும். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் சேர் பொன்னம்பலம் இராமநாதன் ஆற்றுகை மற்றும் காண்பியற் கலைகள் பீடம், திரை வடிவமைப்பை ஒரு தனிப் பயிற்சிநெறியாகத் தொடங்கவேண்டும். அதன் களப்பணி வன்னியில் நடக்கவேண்டும். 2021இல் தனிப் பல்கலைக்கழகமாக உயர்ந்த வவுனியாப் பல்கலைக்கழகம், இப்பிரதேசத்துப் பாவனைப் பொருள்களுக்கு ஒரு சேகரத்தைத் தன் வளவிலேயே ஆரம்பிப்பது அதன் பெயருக்குப் பொருத்தமான காரியம். ஜாம் போத்தல் விளக்கும் டைனமோச் சைக்கிளும் ஊதுகுழலும் கொம்பறைக் கதவும் ஒரு மண்டபத்தில் இருக்குமானால், நாளைக்கு இங்கே படமெடுக்க வருகிற எந்தத் தேசத்தவரும் முதலில் அந்த மண்டபத்தின் வாசலில்தான் வந்து நிற்பார். புலம்பெயர்ந்த நம்மவர் கோவில் கோபுரங்களுக்குக் கொடுக்கும் பணத்தில் ஒரு சிறு பங்கு, இரண்டு பிள்ளைகளைச் சென்னைக்கோ பூனாவுக்கோ அனுப்பி இத்தொழிலைக் கற்பிக்கப் போதுமானது.

சென்ற வைகாசியில், குறும்படம் எடுக்கிற ஓர் இளைஞர் எங்கள் ஊருக்கு வந்திருந்தார். இறுதி யுத்த காலத்துப் பங்கரின் வாசலில் மண்மூட்டைகள் எப்படி அடுக்கப்பட்டிருந்தன என்று விசாரித்தார்; சேலைகளை வெட்டி மூட்டை தைத்தார்கள் என்று கேள்விப்பட்டு, கிளிநொச்சிச் சந்தையில் பளபளக்கும் நாலைந்து சேலைகளை வாங்கியும் வந்திருந்தார். அயல்வீட்டு அக்காவிடம் அவரை அழைத்துச் சென்றேன். அக்கா அந்தச் சேலைகளை ஒவ்வொன்றாக விரித்துத் தடவிப் பார்த்து, மடித்து அவரிடமே திருப்பிக் கொடுத்தார்.

“தம்பி, உங்கட படத்திலை அது எந்த மாதம்?”

அவருக்கு விளங்கவில்லை. அக்கா முற்றத்தில் அமர்ந்து, ஊசியும் நூலும் எடுத்து, தம்முடைய பழைய நூற்சேலை ஒன்றின் தலைப்பை மடித்துத் தைத்துக் காட்டிக்கொண்டே சொன்னார்: “மாரியிலை எண்டால் கிழிஞ்ச சேலையள்தான். தை, மாசியிலை வீட்டுக்குக் கட்டுறது. பங்குனிக்குப் பிறகு கோயிலுக்குக் கட்டுறதை எடுத்தம். சித்திரை கடைசியிலைதான் கூறையை வெட்டினது. அதாலை கீழ்வரிசையிலை பட்டு வராது. மேல்வரிசையிலைதான் வரும்.”

இளைஞர் தம் கொப்பியைத் திறந்து, ஒரு பக்கத்தில் கோடிட்டு, கீழிருந்து மேலாக மாதங்களின் பெயர்களை எழுதத் தொடங்கினார்.